சோதனைக் காலத்துக்கு முடிவு வேண்டும்!

"கோழி மேய்த்தாலும் கவர்மெண்டில் மேய்க்க வேண்டும்" என்று நமது கிராமங்களில் ஒரு பழமொழி உண்டு. வெயிலில் நடவு நட்டும், பஞ்சுத் தூசியில் இருமியும் காலத்தைத் தள்ளும் நமது மக்கள், பெற்ற பிள்ளைகளில் ஒன்றாவது சர்க்கார் உத்தியோகத்தில் சேர்ந்துவிட்டால் குடும்பம் கரையேறிவிடும் என்று நம்புகிறார்கள். அந்த ஆசையில் தவறு ஒன்றும் இல்லை. மாதம் பிறந்தால் சம்பளம், முதுமைக்கு ஓர் ஆதாரம், காரணம் சொல்லாமல் வெளியே தள்ள முடியாத பாதுகாப்பு ஆகியவை சர்க்கார் ஊழியருக்கு மட்டும் உரிய சலுகைகள் அல்ல. உழைக்கும் ஒவ்வொருவருக்கும் உரிய உரிமைகள்.

ஆனால், நியமன உத்தரவு கைக்கு வந்த அன்றே உத்தியோகம் நிலைத்துவிடுவதில்லை என்பது நம்மில் பலருக்குத் தெரியாது. உத்தரவுக்கும் நிரந்தரத்துக்கும் நடுவே ஒரு பாலம் இருக்கிறது. அதற்குத் தகுதிகாண் பருவம் என்று பெயர். காரியாலயங்களில் புரொபேஷன் என்றே சொல்கிறார்கள். இந்தப் பாலத்தைக் கடந்தால்தான் வேலை நிற்கும். வேலை நின்றால்தான் பிரமோஷன் வரும். பாலம் கட்டியவன் மறு கரையைத் தள்ளிக்கொண்டே போனால் நடப்பவன் கதி என்ன? அதுதான் இன்றைய பிரச்னை.

முதலில் விதியைப் பார்ப்போம். தமிழ்நாடு சர்க்கார் ஊழியர்களுக்கான பொது விதிப்படி, நேரடியாக வேலைக்கு எடுக்கப்படுபவர் பெரும்பாலான பதவிகளில் தொடர்ச்சியான மூன்று ஆண்டுகளுக்குள் இரண்டு ஆண்டு வேலை பார்த்துக் காட்ட வேண்டும். கீழ்ப் பதவியிலிருந்து பிரமோஷன் பெற்று வருபவருக்கும் சோதனை உண்டு: இரண்டு ஆண்டுகளுக்குள் ஓர் ஆண்டு. நெடுங்காலம் விதிகளாக இருந்தவை 2016-ம் ஆண்டில் சட்டமாகவே இயற்றப்பட்டன. இந்தக் காலத்தில் வேலையும் நடத்தையும் திருப்தியாக இருக்க வேண்டும். பதவிக்கு ஏற்பத் துறைத் தேர்வுகளில் தேற வேண்டும். ஜூனியர் அஸிஸ்டெண்டாகச் சேர்ந்தவர் பவானிசாகரில் உள்ள பயிற்சி நிலையத்துக்குப் போய் அடிப்படைப் பயிற்சி முடிக்க வேண்டும். பிறகு, "திருப்தியாக முடித்தார்" என்று மேலதிகாரி உத்தரவு போட வேண்டும்.

காகிதத்தில் இது நியாயமாகவே தோன்றுகிறது. சோதனையே கூடாது என்று நாம் சொல்லவில்லை. நோயாளிக்கு ஊசி போடும் நர்சுக்கு வேலை தெரிய வேண்டும். பஸ் ஓட்டும் டிரைவருக்குக் கை நிதானம் வேண்டும். அந்த ஆஸ்பத்திரிக்குப் போவதும் அந்த பஸ்ஸில் ஏறுவதும் நாம்தானே! நாம் கேட்பது வேறு. சோதனை என்றால் அதற்கு ஓர் ஆரம்பமும் ஒரு முடிவும் இருக்க வேண்டாமா? தேறினாயா, இல்லையா என்று ஒரு பதில் வர வேண்டாமா? பதிலே வராத சோதனை சோதனை அல்ல. அது கழுத்தில் கட்டிய கயிறு.

நடைமுறையில் என்ன நடக்கிறது? பயிற்சிக்கு அனுப்ப வேண்டியது நிர்வாகம். அனுப்பத் தாமதித்தால், தாமதத்தின் பலனை அனுபவிப்பவர் ஊழியர். உத்தரவு போட வேண்டியவர் மேலதிகாரி. பைல் மேஜைக்கு மேஜை நகராமல் கிடந்தால், அதன் தண்டனையும் ஊழியருக்கே. கூடவே சேர்ந்தவர் அடுத்த படிக்குப் போய்விடுவார். இவர் பெயர் பிரமோஷன் பட்டியல் தயாரிக்கும் நாளில் "புரொபேஷன் முடியவில்லை" என்ற ஒரு வரியால் தள்ளப்படும். ஜூனியர் அஸிஸ்டெண்ட் அஸிஸ்டெண்டாகவும், அஸிஸ்டெண்ட் சூப்பிரண்டாகவும் ஏறும் ஏணியில் ஒரு படி தவறினால், ஒவ்வொரு படியிலும் அந்தத் தாமதம் கூடவே வரும். கடைசியில் பென்ஷன் வரை அது பாயும்.

பண நஷ்டத்தைவிடப் பெரிய நஷ்டம் ஒன்று இருக்கிறது. புரொபேஷனில் உள்ளவர் வாய் திறக்க மாட்டார். சட்ட விரோதமாக ஒரு கையெழுத்துப் போடச் சொன்னால் மறுக்கத் தயங்குவார். ஏழை விவசாயியின் பட்டா மனுவை ஒதுக்கி வைக்கச் சொன்னால், மனம் கொதித்தாலும் ஒதுக்கி வைப்பார். சங்கத்தில் சேர அஞ்சுவார். இந்த அச்சத்தைத்தான் மேலே இருப்பவர்கள் விரும்புகிறார்கள். சோதனைக் காலம் நீளும் அளவுக்கு அடிமைப் புத்தியும் நீளும் என்பது அவர்கள் கணக்கு.

சட்டம் என்ன சொல்கிறது? நமது அரசியல் சட்டத்தின் 310-வது ஷரத்து, சர்க்கார் ஊழியர் ஜனாதிபதி அல்லது கவர்னரின் விருப்பம் உள்ளவரை பதவி வகிப்பார் என்கிறது. இது பிரிட்டிஷ் மகுடத்திடமிருந்து நாம் இரவல் வாங்கிய கோட்பாடு. ராஜா விரும்பும் வரை சேவகன்! அடுத்த 311-வது ஷரத்து இதற்கு ஒரு கடிவாளம் போடுகிறது. குற்றச்சாட்டைத் தெரிவித்து, விசாரித்து, பதில் சொல்ல நியாயமான வாய்ப்பு அளிக்காமல் ஊழியரை டிஸ்மிஸ் செய்யவோ, வேலையிலிருந்து நீக்கவோ, பதவி இறக்கவோ கூடாது என்பதே அது.

புரொபேஷனில் உள்ளவருக்கு இந்தக் கடிவாளம் துணை நிற்குமா? பர்ஷோத்தம் லால் திங்ரா என்ற ரயில்வே ஊழியரின் வழக்கில் 1957-ல் இந்தக் கேள்விக்கு சுப்ரீம் கோர்ட் விரிவாகப் பதில் அளித்தது. 1924-ல் தந்தி சிக்னலராகச் சேர்ந்த அவர், 1951-ல் மேல் பதவியில் தற்காலிகமாக அமர்த்தப்பட்டார். 1953-ல் பழைய பதவிக்கே இறக்கப்பட்டார். விசாரணை இல்லை. கோர்ட் என்ன சொல்லிற்று? தற்காலிகமாக அல்லது புரொபேஷனில் பதவி வகிப்பவருக்கு அந்தப் பதவியில் உரிமை கிடையாது. எனவே சாதாரணமாக இறக்குவதோ நீக்குவதோ தண்டனை ஆகாது என்றது. ஆனால், குற்றம் சுமத்தித் தண்டனையாகவே நீக்கினால் விசாரணை அவசியம் என்றும் சொல்லிற்று. திங்ரா தோற்றார். அவர் வழக்கில் பிறந்த விதி மட்டும் இன்றுவரை வாழ்கிறது.

அதிகார வர்க்கம் இந்தத் தீர்ப்பிலிருந்து ஒரு பாடம் கற்றுக்கொண்டது. குற்றச்சாட்டை உத்தரவில் எழுதாதே. "சேவை தேவையில்லை" என்று இரண்டே வரியில் முடித்துவிடு! இந்தத் தந்திரத்துக்கு 1974-ல் ஓரளவு அடி விழுந்தது. பஞ்சாபில் புரொபேஷனில் இருந்த இரண்டு நீதித்துறை அதிகாரிகள் இப்படி வெளியே அனுப்பப்பட்டனர். ஷம்ஷேர் சிங் வழக்கு என்று பெயர்பெற்ற அந்த வழக்கில் சுப்ரீம் கோர்ட்டின் ஏழு நீதிபதிகள், உத்தரவின் வார்த்தைகளை மட்டும் பார்த்தால் போதாது, அதன் பின்னால் உள்ள உண்மையைப் பார்க்க வேண்டும் என்று கூறி, இருவரின் நீக்கத்தையும் ரத்துச் செய்தார்கள். தீர்ப்புச் சொல்லும் நாற்காலியில் அமர்ந்தவர்களுக்கே இந்த நிலை என்றால், பியூன் வேலையில் சேர்ந்தவரின் நிலையைச் சொல்லவும் வேண்டுமா?

சோதனைக் காலம் தானாக முடியுமா என்பது அடுத்த கேள்வி. 1968-ல் பஞ்சாப் கல்வி இலாகா ஊழியர்களின் வழக்கில், தரம் சிங் வழக்கு என்பது அது, ஒரு நல்ல தீர்ப்பு வந்தது. புரொபேஷன் அதிகபட்சம் மூன்று ஆண்டு என்று விதியே எல்லை கட்டியிருந்தது. அந்த எல்லையைத் தாண்டியும் அவர்களை வேலையில் வைத்திருந்தார்கள். அப்படியானால் அவர்கள் ஊர்ஜிதம் செய்யப்பட்டதாகவே பொருள் என்று கோர்ட் முடிவு சொல்லிற்று. ஆனால் விதியில் அதிகபட்ச எல்லை இல்லாவிட்டால்? வெறும் காலம் கடந்ததனால் மட்டும் ஊர்ஜிதம் ஆகாது என்பதே கோர்ட்டுகளின் பொதுவான நிலை. ஆகவே தோழர்களே, விதியில் ஒரே ஒரு வாக்கியம் இருக்கிறதா, இல்லையா என்பதில் ஆயிரக்கணக்கான குடும்பங்களின் வாழ்வு தொங்குகிறது. அந்த வாக்கியத்தை எழுதுவது சர்க்காரின் கையில். எழுத வைப்பது நமது கையில்.

பிரமோஷன் விஷயத்திலும் போராடிப் பெற்ற வெற்றிகள் உண்டு. ஊர்ஜிதமான தேதியிலிருந்துதான் சீனியாரிட்டி என்று ஒரு காலத்தில் கணக்கிட்டார்கள். அதிகாரிக்கு வேண்டியவருக்கு முதலில் ஊர்ஜிதம், வேண்டாதவருக்குக் கடைசியில். மகாராஷ்டிர எஞ்சினியர்கள் சம்பந்தப்பட்ட பட்வர்தன் வழக்கில் 1977-ல் சுப்ரீம் கோர்ட் இந்த அநீதியை எடுத்துக் காட்டிற்று. ஊழியரின் திறமையையோ காலியிடத்தையோ பொறுத்து ஊர்ஜிதம் நடப்பதில்லை, அது நிச்சயமற்ற ஒன்றாகவே இருக்கிறது என்றது. 1990-ல் அதே மாநிலத்து எஞ்சினியர்களின் வழக்கில், விதிப்படி நியமிக்கப்பட்டவரின் சீனியாரிட்டி நியமனத் தேதியிலிருந்தே கணக்கிடப்பட வேண்டும் என்று அரசியல் சட்ட பெஞ்சு தீர்த்தது. மத்திய சர்க்காரும் 1988-ல் ஓர் உத்தரவு போட்டது. ஊர்ஜிதம் சர்வீஸில் ஒரே தடவை, ஆரம்பப் பதவியில். நிரந்தரக் காலியிடம் இருக்கிறதா என்று பார்த்துக்கொண்டிருக்க வேண்டியதில்லை என்பது அதன் சாரம்.

இன்னும் சில விஷயங்களை ஒவ்வோர் ஊழியரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும். பிரமோஷன் கொடுத்தே ஆக வேண்டும் என்று கேட்க உரிமை இல்லாவிட்டாலும், பிரமோஷனுக்குப் பரிசீலிக்கப்படுவது 16-வது ஷரத்தின் கீழ் அடிப்படை உரிமை என்று 1999-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லியிருக்கிறது. யாரோ ஒரு மொட்டைக் கடிதம் போட்டார் என்பதற்காக முடிவை உறையில் போட்டு ஒட்டி வைக்கக் கூடாது, முறைப்படி குற்றப் பத்திரிகை தந்த பிறகே அப்படிச் செய்யலாம் என்று 1991-ல் சொல்லியிருக்கிறது. மேலதிகாரி எழுதும் ரகசியக் குறிப்பை ஊழியருக்குக் காட்ட வேண்டும் என்று 2008-ல் சொல்லியிருக்கிறது. தீர்ப்புகள் இருக்கின்றன. அவற்றைச் செயல்படுத்தும் மனம்தான் காரியாலயங்களில் இல்லை.

இவ்வளவும் பாலத்தில் ஏறியவர்கள் கதை. பாலத்தின் வாசலிலேயே நிறுத்தப்பட்டவர்கள் கதை இதைவிடக் கொடியது. புரொபேஷனில் வைத்தால் ஒரு நாள் ஊர்ஜிதம் செய்ய வேண்டும். ஊர்ஜிதம் செய்தால் விசாரணை இன்றி நீக்க முடியாது. சீனியாரிட்டி, பிரமோஷன், பென்ஷன் எல்லாம் தர வேண்டும். இதைக் கண்ட ஆளும் வர்க்கம், புரொபேஷனே தராமல் வேலை வாங்கும் வழியைக் கண்டுபிடித்தது. தொகுப்பூதியம், ஒப்பந்தம், தினக்கூலி, பகுதி நேரம், அவுட்சோர்ஸிங் என்று அதற்குப் பல பெயர்கள்.

இந்தத் தந்திரம் தஞ்சை விவசாயத் தொழிலாளர்களுக்குப் புதிதல்ல. செங்கொடியின் கீழ் அவர்கள் நடத்திய போராட்டங்களின் விளைவாக 1952-ல் தஞ்சாவூர் பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. பண்ணையாளை நினைத்தபடி விரட்டக் கூடாது என்று சட்டம் சொல்லிற்று. மிராசுதார்கள் என்ன செய்தார்கள்? பல இடங்களில் பண்ணையாள் என்ற நிலையையே ஒழித்தார்கள். அதே ஆள், அதே வயல், அதே வேலை. ஆனால் இப்போது அவன் தினக்கூலி! சட்டம் யாருக்குப் பாதுகாப்புத் தந்ததோ அந்தப் பெயரில் யாரும் இல்லாமல் செய்துவிட்டால் சட்டத்தை மீற வேண்டிய அவசியமே இல்லை அல்லவா? அன்று மிராசுதார் செய்ததை இன்று சர்க்காரே செய்கிறது.

உதாரணம் வேண்டுமா? 2015-ல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் பரீட்சை நடத்தி நர்சுகளைத் தேர்ந்தெடுத்தது. மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியம். இரண்டு ஆண்டுக்குப் பின் காலமுறைச் சம்பளம் என்ற நம்பிக்கை. இரண்டு ஆண்டு கழிந்தது. 2017 நவம்பரில் அந்தப் பெண்கள் சென்னை டி.எம்.எஸ். வளாகத்தில் திரண்டு போராட வேண்டியிருந்தது. அதன் பிறகும் ஆண்டுக்கணக்கில் ஆயிரக்கணக்கானோர் காத்திருந்தனர். 2003-ல் சர்க்காரே சாராயக் கடை நடத்தத் தொடங்கியபோது எடுத்த டாஸ்மாக் ஊழியர்கள், கஜானாவை நிரப்பிக் கொடுத்துவிட்டு, இருபது ஆண்டு கடந்தும் தொகுப்பூதியத்திலேயே நின்றார்கள். இவர்களுக்குச் சோதனைக் காலம் முடியவில்லை என்று சொல்வதற்கும் இல்லை. ஆரம்பித்தால்தானே முடிவதற்கு!

2006-ல் உமாதேவி வழக்கில் சுப்ரீம் கோர்ட், முறைப்படி தேர்வு செய்யப்படாதவர்கள் நிரந்தரம் கோர உரிமை இல்லை என்று தீர்த்தது. காலியிடத்தில் கோர்ட் பாதுகாப்பு இல்லாமல் பத்து ஆண்டுக்கு மேல் உழைத்தவர்களை ஒரு தடவை முறைப்படுத்தலாம் என்றும் அதே தீர்ப்பில் இருந்தது. சர்க்கார்கள் முதல் பாதியைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டன. இரண்டாம் பாதியை மறந்தன. 2016-ல் ஜக்ஜித் சிங் வழக்கில், தற்காலிக ஊழியருக்கும் சம வேலைக்குச் சம ஊதியம் உண்டு என்று கோர்ட் கூறிற்று. 2024 டிசம்பரில் ஜக்கோ வழக்கில், மத்திய நீர்க் கமிஷனில் பெருக்கும் வேலையும் தோட்ட வேலையும் பல்லாண்டு பார்த்தவர்களை நீக்கியது செல்லாது, அவர்களை நிரந்தரம் செய்ய வேண்டும் என்று தீர்த்தது. உமாதேவி தீர்ப்பை ஏழைத் தொழிலாளிக்கு எதிரான ஆயுதமாக்கக் கூடாது என்றும் எச்சரித்தது. பெருக்குமாறு பிடித்த பெண்கள் டெல்லி வரை வழக்காடி வென்றார்கள்! ஆனால் கோர்ட் படி ஏற முடியாத லட்சக்கணக்கானோர் என்ன செய்வார்கள்?

"இது சர்க்கார் ஊழியர் விவகாரம், நமக்கு என்ன?" என்று கேட்கும் மில் தொழிலாளித் தோழருக்கு ஒரு வார்த்தை. ஆலை வாசலில் நிற்கும் பதிலித் தொழிலாளியும், ஆஸ்பத்திரியில் நிற்கும் தொகுப்பூதிய நர்சும் ஒரே கயிற்றில் கட்டப்பட்டவர்கள். 1946-ம் ஆண்டு நிலையாணைச் சட்டத்தின் மாதிரி விதிகள், மூன்று மாதச் சோதனையைத் திருப்தியாக முடித்தவர் நிரந்தரத் தொழிலாளி என்றன. 1981-ல் தமிழ்நாட்டில் வந்த சட்டம், 24 மாதத்தில் 480 நாள் வேலை செய்தவர் நிரந்தரம் என்றது. மூன்று மாதமாவது, 480 நாளாவது! ஆண்டுக்கணக்கில் பதிலி என்றும், அப்ரென்டிஸ் என்றும், சுமங்கலித் திட்டம் என்றும் நூற்பாலைகளில் நமது பெண்களையும் பிள்ளைகளையும் பிழிந்ததை நாம் பார்த்தோம். 2025 நவம்பர் 21 அன்று அமலுக்குக் கொண்டுவரப்பட்ட புதிய தொழிலுறவுச் சட்டத் தொகுப்பு, நிலையாணை தேவைப்படும் ஆலையின் அளவை 100 பேரிலிருந்து 300 பேராக உயர்த்திவிட்டது. குறிப்பிட்ட காலத்துக்கு மட்டும் வேலை என்ற முறைக்கும் சட்ட முத்திரை குத்திவிட்டது. அதில் சம ஊதியம் உண்டு என்கிறார்கள். காலம் முடிந்த மறுநாள் அடுப்பு எரியுமா என்பதற்குத்தான் பதில் இல்லை. முன்மாதிரி முதலாளியாக இருக்க வேண்டிய சர்க்கார் தன் ஊழியரை நிரந்தரம் ஆக்காமல் வைத்திருந்தால், தனியார் முதலாளி எதற்காக அஞ்சுவான்?

விவசாயத் தொழிலாளித் தோழருக்கும் இதில் அக்கறை உண்டு. ஆரம்ப சுகாதார நிலையத்தில் நர்சு இல்லாவிட்டால் பிரசவ வேதனையில் துடிப்பது நமது பெண். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் நிலைத்து நிற்காவிட்டால் எழுத்தறியாமல் போவது நமது பிள்ளை. அந்தப் பிள்ளை கஷ்டப்பட்டுப் படித்துப் பரீட்சையில் தேறிப் போனால், அவன் கையில் கிடைப்பது நிரந்தர வேலையா, ஒப்பந்தக் காகிதமா? இடஒதுக்கீடு என்பது முறையான நியமனத்தில் நிற்கும் உரிமை. நியமனமே ஒப்பந்தக்காரன் கைக்குப் போனால், தாழ்த்தப்பட்ட மக்கள் போராடிப் பெற்ற அந்த உரிமையும் கூடவே போகும்.

உழைப்பவர்களைப் பிரித்து வைப்பது ஆளும் வர்க்கத்தின் பழைய வித்தை. 2003 ஜூலையில் தமிழ்நாட்டில் சர்க்கார் ஊழியர்களும் ஆசிரியர்களும் வேலைநிறுத்தம் செய்தபோது, ஒன்றரை லட்சத்துக்கு மேற்பட்டோர் ஒரே வீச்சில் டிஸ்மிஸ் செய்யப்பட்டார்கள். 311-வது ஷரத்து புத்தகத்தில் இருந்தது. விசாரணை எங்கும் இல்லை. "கொழுத்த சம்பளக்காரர்களுக்கு நல்ல பாடம்" என்று சிலர் கைதட்டினார்கள். தொழிற்சங்கத் தலைவர் டி.கே. ரங்கராஜன் தொடுத்த வழக்கில், வேலைநிறுத்தத்துக்கு உரிமையே இல்லை என்று ஆகஸ்டில் தீர்ப்பு வந்தது. மன்னிப்பு எழுதிக் கொடுத்த பிறகே பெரும்பாலோர் திரும்ப எடுக்கப்பட்டனர். அன்று அவர்கள் முதுகில் விழுந்த அடி, பிறகு எல்லாத் தொழிலாளர் முதுகிலும் விழுந்தது.

நிரந்தர ஊழியர்களின் சங்கங்களுக்கும் தோழமையோடு ஒன்று சொல்ல வேண்டும். தங்கள் அகவிலைப்படிக்குப் போராடிய வேகத்தில், பக்கத்து நாற்காலியில் மூன்றில் ஒரு பங்கு சம்பளத்துக்கு உழைப்பவருக்காகப் போராடினார்களா? பல இடங்களில் இல்லை என்பதே உண்மை. ஒப்பந்த ஊழியரைத் தம்பியாக எண்ணாமல் அந்நியராக எண்ணியதனால் பலவீனம் அடைந்தது சங்கமே. நிரந்தர இடங்கள் ஓய்வு பெறப் பெற, சங்கமும் ஓய்வு பெறும். இதை உணர்ந்து அவர்களுக்குச் சங்கக் கதவைத் திறந்துவிட வேண்டும்.

எந்தக் கட்சி கோட்டையில் அமர்ந்தாலும் அதன் முன் நாம் வைக்கும் கோரிக்கைகள் இவை:

ஒன்று: ஒவ்வொரு பதவிக்கும் சோதனைக் காலத்தின் அதிகபட்ச எல்லை விதியிலேயே எழுதப்பட வேண்டும். எல்லை கடந்த மறுநாள், உத்தரவு வந்தாலும் வராவிட்டாலும், ஊழியர் ஊர்ஜிதம் ஆனவராகக் கருதப்பட வேண்டும்.

இரண்டு: பயிற்சி, தேர்வு, உத்தரவு இவற்றில் நிர்வாகம் செய்யும் தாமதத்துக்கு ஊழியரின் சீனியாரிட்டியும் பிரமோஷனும் பலியாகக் கூடாது.

மூன்று: புரொபேஷனில் நீக்குவதானால், காரணத்தை எழுத்தில் தந்து, பதில் கேட்க வேண்டும். குறையை முன்கூட்டியே சொல்லித் திருத்திக்கொள்ள அவகாசம் தர வேண்டும்.

நான்கு: நிரந்தரமான வேலைக்கு நிரந்தரமான ஊழியர். தொகுப்பூதியத்திலும் ஒப்பந்தத்திலும் உழைத்த ஆண்டுகள் சர்வீஸில் சேர்க்கப்பட வேண்டும். அதுவரை சம வேலைக்குச் சம ஊதியம் தர வேண்டும்.

இவை யாரிடமும் கேட்கும் பிச்சை அல்ல. கோர்ட்டுகளே பல தடவை ஒப்புக்கொண்ட நியாயங்கள். தீர்ப்பு காகிதத்தில் இருக்கும். அதைக் காரியாலயத்துக்குக் கொண்டுவருவது ஒற்றுமை. ஆலை வாசலில் பதிலிக்காகக் குரல் கொடுக்கும் தொழிலாளி, ஆஸ்பத்திரி வாசலில் நர்சுக்காகவும் குரல் கொடுக்கட்டும். வயலில் கூலிக்காகக் கொடி பிடிக்கும் கை, பள்ளி வாத்தியாரின் மகஜரிலும் கையெழுத்திடட்டும். நர்சும் வாத்தியாரும் நமது கூட்டங்களுக்கு வரட்டும்.

உழைப்பாளியைச் சோதித்தது போதும். இனி சோதனைக்கு நிற்க வேண்டியது சர்க்காரின் வாக்குறுதிகள்!